பத்தொன்பது நொடிக் கல்யாணம்

1

எங்கள் கல்யாண நாளன்று இங்குள்ள அரசு அலுவலகத்திலிருந்து ஒரு கடிதம் வந்தது. வாழ்த்து இல்லை. நாங்கள் எந்த வருடம் கல்யாணம் செய்துகொண்டோம் என்பதை ஆறு வாரத்துக்குள் நிரூபிக்க வேண்டும் என்று எழுதியிருந்தார்கள். ஜெர்மனியில் எல்லாம் நேரத்துக்கு நடக்கும் என்று ஊரில் பேசிக்கொள்கிறீர்களே, அது உண்மைதான்.

என் மனைவி செல்வி இந்த நாட்டுக் குடியுரிமைக்கு விண்ணப்பித்திருக்கிறாள். பதினாறு வருடமாக அவளுடைய அனுமதி அட்டையில் ‘இன்னாருடைய மனைவி என்ற முறையில்’ என்று ஒரு வரி இருக்கிறது. இன்னார் நான்தான். அந்த வரி இல்லாத ஒரு காகிதம் தன் பெயரில் வேண்டும் என்பது அவளுடைய நெடுநாள் ஆசை. முதியோர் இல்லத்தில் வேலை பார்த்துக்கொண்டே மொழித் தேர்வு எழுதினாள். முதல் தடவையிலேயே தேறினாள். அதே தேர்வில் நான் இரண்டு முறை தோற்றவன் என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். நான் சொல்லாவிட்டால் அவள் சொல்லுவாள்.

ஆக, என் பெயர் இல்லாத காகிதம் வாங்குவதற்கு, என்னைக் கட்டிக்கொண்டதை அவள் முதலில் நிரூபித்தாக வேண்டும். அரசாங்கங்களுக்கு நகைச்சுவை உணர்ச்சி கிடையாது என்று யார் சொன்னது?

2

இங்கே உள்ளவர்களுக்குப் பழைய கல்யாணச் சான்றிதழ் ஆகாது. ரொட்டி மாதிரி, சமீபத்தில் சுட்டதாக இருக்க வேண்டும். ஊரில் எங்கள் கல்யாணத்தைப் பதிவு செய்த அலுவலகத்துக்கு (பெயர் வேண்டாம், அங்கே இன்னும் எனக்கு வேலை இருக்கிறது) எழுதிப்போட்டு, கணினியில் அடித்த புதுப் படி ஒன்றை வரவழைத்து விண்ணப்பத்தோடு கொடுத்திருந்தோம். முத்திரை, கையொப்பம் எல்லாம் பளிச்சென்று இருந்தன. வருடம் மட்டும் 2006-க்குப் பதிலாக 2016 என்று இருந்தது. யாரோ ஒருவருடைய விரல் ஒரு பொத்தான் தள்ளி விழுந்திருக்கிறது. அந்தக் கடிதம் வந்தது இதனால்தான்.

அந்தக் காகிதத்தின்படி எங்கள் மகள் 2008-இல் பிறந்தாள், என் மனைவி 2009-இல் ‘மனைவி என்ற முறையில்’ இந்த நாட்டுக்கு வந்தாள், நான் 2016-இல் அவளுக்குத் தாலி கட்டினேன். காதல் கதையாகப் பார்த்தால் நன்றாகத்தான் இருக்கிறது.

எங்கள் கோப்பைப் பார்க்கிற அதிகாரி க்ளைன் அம்மையார். பழைய சான்றிதழையும் புதியதையும் மேசைமேல் பக்கம் பக்கமாக வைத்துவிட்டு, இரண்டில் எது போலி என்று கேட்டார். சண்டை போடுகிற தொனியே இல்லை. காப்பியா டீயா என்பதுபோலக் கேட்டார். காகிதம் போலி இல்லை என்று சொல்ல வாயைத் திறந்தேன். அவர்கள் மொழியில் அவசரமாகப் பேசினால் எனக்கு ஏதாவது ஒரு பெயர்ச்சொல் மாறிப்போகும். என் மனைவி போலி இல்லை என்று சொல்லிவிட்டேன். அம்மையார் அதையும் குறித்துக்கொண்டார்.

ஊர் அலுவலகத்துக்குப் போன் செய்தேன்.

“மூல ரிஜிஸ்டர் மழையில நனைஞ்சி போச்சு சார். மனு குடுங்க. ஃபைல் மேல போய்த் திரும்பி வரணும். பொங்கல் கழிச்சி கேளுங்க.”

“எந்தப் பொங்கல் சார்?”

“அத நான் எப்படி சார் சொல்றது?”

கல்யாண ஆல்பமும் வீடியோ சி.டி.யும் மாமனார் வீட்டு பீரோவின் அடித்தட்டில் இருந்தன. வீடு அயனம்பாக்கம் ஏரியை ஒட்டி. ஒரு மழைக்காலத்தில் ஏரியே வீட்டுக்குள் வந்து பார்த்துவிட்டுப் போனது. ஆல்பம் கூழாகிவிட்டது, சி.டி. சேறு படிந்து ஓடாமல் போனது. கல்யாணப் பத்திரிகை ஒன்று தேடிப்பிடித்துக் காட்டலாமா என்று கேட்டதற்கு, பத்திரிகையை யார் வேண்டுமானாலும் எப்போது வேண்டுமானாலும் அச்சடிக்கலாம் என்றார் அம்மையார். அது நியாயம்தான்.

“யாராவது செல்போனில் எடுத்திருப்பார்களே? அந்த மூலக் கோப்பு கிடைத்தால் கொண்டுவாருங்கள், பார்க்கிறேன்.”

செல்வி என்னைப் பார்த்தாள். நான் அம்மையாரின் மேசையில் இருந்த கள்ளிச்செடியைப் பார்த்தேன்.

எடுத்திருந்தார்கள். ஒரு காலத்தில் அம்பத்தூர் முதல் ஆவடி வரை அந்த வீடியோ இல்லாத போனே கிடையாது. அதை ஒன்று விடாமல் ஒழித்துக்கட்டியவன் நான்.

3

கேமரா போன் புதிதாக வந்திருந்த சமயம். நான் அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு தொழிற்சாலையில் இயந்திரம் பழுது பார்த்துக்கொண்டிருந்தேன். (இங்கேயும் அதே வேலைதான். இயந்திரங்கள்தான் கொஞ்சம் முன்கூட்டியே சொல்லிவிட்டுப் பழுதாகின்றன.) பூந்தமல்லிக்காரனான என் நண்பன் நிசார், அம்பத்தூர் ஓ.டி.யில் மெமரி கார்டு கடை வைத்திருந்தான். கார்டைக் கொடுத்தால் கணினியில் செருகி, பாட்டு, காமெடி, சண்டைக் காட்சி என்று வயிறு நிறைய ஏற்றித் தருவான். போன் எந்த மாடல் என்று கேட்டு, அதன் திரைக்குத் தகுந்தபடி படத்தைச் சுருக்குவதில் அவன் சூரன். மூன்று மணி நேரப் படத்தை ஒரு தபால்தலைக்குள் அடைத்துவிடுவான். கதாநாயகி சிரிக்கிறாளா அழுகிறாளா என்று தெரியாது. யாரும் குறை சொன்னதில்லை.

என் கல்யாணம் திருமுல்லைவாயிலில். முகூர்த்தத்துக்குக் கிளம்பிய நிசார், அதே சாலையில் இருந்த வேறொரு மண்டபத்துக்குள் போய்விட்டான். மேடையில் மாலையும் கழுத்துமாக முன்பின் தெரியாத ஒருவன். பதறிப்போய் எனக்குப் போன் செய்தான்.

நான் அப்போதுதான் முதல் முடிச்சைப் போட்டிருந்தேன். எங்கள் வழக்கத்தில் மாப்பிள்ளைக்கு ஒரு முடிச்சு, மற்ற இரண்டும் அக்காவின் பொறுப்பு. அக்கா குனிந்துகொண்டிருக்கும்போது என் சட்டைப் பையில் போன் அலறியது, நாதஸ்வரத்தையும் மீறி. அணைத்திருக்கலாம் என்று இன்று உங்களுக்குத் தோன்றும். அன்றைக்கு வருகிற அழைப்பை எடுக்காமல் விடுவது, வீட்டுக்கு வந்தவர் முகத்தில் கதவைச் சாத்துகிற மாதிரி. ஒரு கையில் தாலிக்கயிற்றைப் பிடித்துக்கொண்டு மறுகையால் எடுத்தேன்.

“மாமே, மண்டபத்துல கீறேன், நீ எங்க கீறே? ஸ்டேஜ்ல வேற எவனோ உக்காந்துகினு கீறான்! பொண்ணூட்டுல மாப்ளய மாத்திட்டாங்களாடா?”

“நிசாரு, தாலி கட்டிகினு கீறேன்டா. அப்பால பண்றேன்.”

செல்வியின் சித்தி மகன், தான் வாங்கிய புதுக் கேமரா போனை எனக்கு நேராகப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தான்.

திங்கட்கிழமை தொழிற்சாலை கேன்டீனில் நான் சாம்பார் ஊற்றிக்கொள்வதற்குள் முந்நூறு பேர் பார்த்திருந்தார்கள். அப்போது ஒரு வீடியோவை அனுப்புவது லேசுப்பட்ட காரியமில்லை. இரண்டு பேர் அருகருகே நின்று, ப்ளூடூத்தைத் திறந்து, இரண்டு போனையும் நெற்றியோடு நெற்றி முட்டவைத்து, கோடு நிரம்பும் வரை ஆடாமல் காத்திருக்க வேண்டும். பேருந்து வந்தால்கூட ஏற முடியாது. அத்தனை சிரமப்பட்டு மக்கள் என்னைப் பரப்பினார்கள். நீளமாக இருந்தால் நேரமாகிறது என்று யாரோ ஒரு புண்ணியவான், நான் ‘அப்பால பண்றேன்’ என்பதோடு கத்தரித்துப் பன்னிரண்டு நொடியாக்கினான். ஊரெங்கும் ஓடியது அந்தப் பதிப்புதான்.

ஒருநாள் மின்சார ரயிலில் ‘ஆவடி சிங்கம்’ என்ற பெயருடைய ஒரு போனிலிருந்து, வீடியோ ஒன்று அனுப்புகிறேன், ஏற்றுக்கொள்கிறீர்களா என்று கேட்டு வந்தது. பெட்டியில் யார் அந்தச் சிங்கம் என்று தெரியவில்லை. ஆசையாக ஏற்றுக்கொண்டேன். நான்தான் வந்தேன்.

எனக்குப் ‘போன் மாப்ள’ என்று பெயர் நிலைத்தது. செல்விக்குக் காய்கறிக் கடையில் ‘போன் மாப்ள ஊட்டம்மா’. அவளும் அப்போதே இன்னாருடைய மனைவி என்ற முறையில்தான் அறியப்பட்டிருக்கிறாள். இப்போதுதான் எனக்கு உறைக்கிறது.

4

கடைசியில் நிசாரிடம் போய் நின்றேன். அந்த வட்டாரத்து கார்டுகள் எல்லாம் எப்படியும் அவன் கடைக்கு வந்தாக வேண்டும்.

“என்னாலதான மாமே ஆச்சி. நானே முடிச்சி உட்டுடறேன். படைச்சவன் மேல ஆணை,” என்றான்.

அன்றிலிருந்து பாட்டு ஏற்ற வருகிற ஒவ்வொரு கார்டிலும் முதலில் என்னைத் தேடுவான். இருந்தால் சத்தமில்லாமல் அழித்துவிட்டு, அந்த இடத்தில் ஒரு பாட்டைக் கூடுதலாகப் போட்டுத் தருவான். “ஏத்தறதுக்கு மின்னாடி உன்ன தூக்கிட்டுதான் மாமே ஏத்தறேன். நேத்து மட்டும் பதினோரு பேரு,” என்று கணக்குச் சொல்லுவான். செல்வியின் சித்தி மகனையும் பிடித்து, மூலத்தையே அழிக்கவைத்தான். விற்கிற சரக்கு முழுக்கத் திருட்டு. கொடுத்த வாக்கு மட்டும் சுத்தம். ஒன்றரை வருடத்தில் நான் பூண்டோடு அற்றுப்போனேன். நிம்மதியாக விமானம் ஏறினேன்.

இப்போது அவனுக்குப் போன் போட்டேன்.

“நிசாரு, அந்த வீடியோடா…”

“அது சுத்தமா கிடியாது. எவன்னா காமிச்சானா? பேரச் சொல்லு, அவன் ஊட்டுக்கே போறேன்.”

“அதில்லடா. எனுக்கு இப்ப அது வேணும்.”

“இன்னா மாமே, குளிரு ஓவரா அங்க?”

விஷயத்தைச் சொன்னேன். “தங்கச்சிக்காகவா? அத்த மொதல்ல சொல்லு. உனுக்குன்னா தேட மாட்டேன்,” என்றான்.

தேடினான். அவன் கடையில் இப்போது போனுக்கு உறையும் கண்ணாடியும்தான் விற்பனை. பழைய போன் யார் கையில் இருந்தாலும் பிடுங்கிப் பார்த்தான். நான்கு வாரம். தன் வேலை அத்தனை கச்சிதமாக நடந்திருக்கிறது என்பதில் அவனுக்கே எரிச்சல்.

செல்வி திட்டவில்லை. சீருடைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டே, “பத்தொம்போது வருஷத்துல நீங்க முழுசா செஞ்சி முடிச்ச வேல ஒண்ணே ஒண்ணு. அதுவும் இது,” என்றாள்.

5

ஐந்தாவது வாரம் ஒரு ஞாயிற்றுக்கிழமை நிசாரிடமிருந்து வீடியோ அழைப்பு. நூம்பலில் தெரிந்தவர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போயிருக்கிறான். திரையில் பட்டு வேட்டி, பூமாலை, நாற்காலிகள் எல்லாம் ஆடிக்கொண்டே ஓடின.

“மாமே, மாப்ள ரூம்ல கீறேன். வாய மூடிகினு பாரு.”

ஒரு புரோகிதர். வயது எழுபதுக்கு மேல். எதிரே மாப்பிள்ளைக் கோலத்தில் ஒரு பையன். புரோகிதர் தன் போனை அவன் முகத்துக்கு நேராக நீட்டிக்கொண்டிருந்தார்.

“தம்பி, இத்த நல்லா பாத்துக்க. இவன மாரி ஆயிடாத. போன அணைச்சி உங்கம்மா கையில குடு. குடுத்தாத்தான் நான் மேடைக்கு வருவேன்.”

போனிலிருந்து என் குரல் கேட்டது. பத்தொன்பது வருடம் இளைய குரல்.

நிசார் என்னை அவர் பக்கம் திருப்பினான். “சாமி, இவன்தான் அவன்.”

“எவன்?”

“போன் மாப்ள.”

அவர் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு என்னை நெருங்கிப் பார்த்தார். “அட நைனா! நீயா? உன்ன வெச்சி எத்தினி கல்யாணத்த காப்பாத்திக்கீறேன் தெரியுமா? அன்னிக்கி நான்தான உனுக்கு மந்திரம் சொன்னேன். சாப்பாட்டுக்கு மின்னாடியே அந்த வீடியோக்காரப் பையன்கிட்ட வாங்கிட்டேன். நாலு போன் மாத்திட்டேன், உன்ன மட்டும் உடல.”

அதாவது, ஊர் முழுக்க நான் அழிந்துகொண்டிருந்தபோது, முகூர்த்தத்துக்கு முகூர்த்தம் புதிது புதிதாக ஒரு மாப்பிள்ளைக்கு நான் பாடமாகிக்கொண்டிருந்திருக்கிறேன். அவரிடம் இருப்பது கத்தரிக்காத பத்தொன்பது நொடி.

“எந்த வருஷம்னு ஞாபகம் கீதா சாமி?” என்று கேட்டேன்.

“உன் மூஞ்சியே ஞாபகம் இல்ல, வருஷத்துக்கு எங்க போறது?” என்றவர், குரலைத் தணித்துக்கொண்டார். “அந்தப் பொண்ணு கீதா? இல்ல உட்டுட்டுப் போயிடுச்சா?”

“கீது சாமி.”

“பரவால்லியே,” என்றார், மனசாரத்தான்.

6

வீடியோ வந்த இரண்டாவது நிமிடம் அது என் மகள் யாழினியின் போனில் இருந்தது. அவளுக்குப் பதினேழு வயது. தமிழை, விருந்தாளி வீட்டுச் சோபாவில் உட்காருகிற மாதிரி, ஓரமாக உட்கார்ந்து பேசுவாள். காதில் ஒலிக்கருவியை மாட்டிக்கொண்டு மூன்று முறை பார்த்தாள். நான் பார்க்கவில்லை. என் பங்குக்கும் சேர்த்து ஊரே பார்த்துவிட்டது.

“அப்பா, நீங்க ஒரு மீம்,” என்றாள். பிறகு எதையோ தட்டினாள். முகம் மாறியது. “இதுக்குள்ள எடுத்த தேதி இருக்கு. ஜனவரி ஒண்ணு, ரெண்டாயிரம். அப்ப அம்மாக்குப் பதினாறு வயசு. அப்பா, நீங்க குற்றவாளியா இருக்கீங்க.”

அந்தக் காலத்து அம்பத்தூர்க்காரர்களுக்கு இதன் காரணம் தெரியும். ஆளுக்கு ஒரு போன், இரண்டு சிம். பகலில் ஒன்று, சலுகை நேரத்தில் இன்னொன்று. மாற்றும்போதெல்லாம் பேட்டரியைக் கழற்ற வேண்டும். கழற்றினால் கடிகாரம் பிறந்த நாளுக்கே திரும்பிவிடும். தேதியைச் சரிசெய்கிற பொறுமை யாருக்கும் இருந்ததில்லை. எனவே எங்கள் பக்கத்துக் காதுகுத்து, கபடி, எருமை ரயில் பாதையில் நின்றது, என் கல்யாணம் எல்லாமே இரண்டாயிரம் ஜனவரி ஒன்றாம் தேதி நடந்தவை. அன்றைக்கு எங்களுக்கு மூச்சுவிட நேரமில்லை.

இதைக் க்ளைன் அம்மையாரிடம் எப்படிச் சொல்வது? ஏற்கெனவே கையில் இரண்டு வருடங்கள் இருக்கின்றன. மூன்றாவதாக ஒன்றை, அதுவும் சிறுமியைக் கட்டிக்கொண்டதாக, நாமே கொண்டுபோய்க் கொடுப்பதா?

“நான் தேதிய மாத்தித் தரவா? ஒரு நிமிஷம்தான்,” என்றாள் யாழினி.

“வேணாம்,” என்றாள் செல்வி. “மாத்தினா அப்பறம் நெஜமாவே போலிதான். கீறத அப்டியே குடுக்கலாம். கெடைக்கலன்னா கெடைக்கல.”

அவள் தேர்வுப் புத்தகங்களை அடுக்கிவைத்திருந்த அலமாரியை நான் பார்க்காமல் இருந்துவிட்டேன்.

இதற்கிடையில் யாழினி என்னைத் தன் வகுப்புக் குழுவுக்கு அனுப்பிவிட்டிருந்தாள். ஒரு விரல், அரை நொடி. யார் பக்கத்திலும் போய் நிற்க வேண்டியதில்லை. அழித்துவிடு என்றேன்.

“எதுக்குப்பா? நீங்க தமிழ்லதான பேசுறீங்க. யாருக்கும் புரியாது.”

எனக்கு ஆறுதல் சொல்லத்தான் அப்படிச் சொன்னாள்.

7

அம்மையாரின் பெரிய திரையில் எங்கள் கல்யாணம் ஒரு தபால்தலை அளவுக்குத் தெரிந்தது. பெரிதாக்கினார். கட்டம் கட்டமாக உடைந்தது. தேதியைப் பார்த்தார். செல்வியின் பிறந்த தேதியைப் பார்த்தார். பேனாவைக் கையில் எடுத்தார்.

நான் சிம், பேட்டரி என்று ஆரம்பித்தேன். செல்வி என் முழங்கையைத் தொட்டு நிறுத்திவிட்டு, தானே நிதானமாக, பிழையில்லாத அவர்கள் மொழியில் விளக்கினாள். அம்மையார் பக்கத்து அறையிலிருந்து கணினி பார்க்கிற இளைஞர் ஒருவரைக் கூப்பிட்டார். அவர் குனிந்து பார்த்தார்.

“இரண்டாயிரம் பிறந்த அன்றைக்கு வீடியோ எடுக்கிற போன் யார் கையிலும் கிடையாது. இந்தத் தேதி செல்லாது.”

“அப்படியானால் 2016-ஆக இருக்கலாமா?”

அவருக்கு ரோஷம் வந்துவிட்டது. “2016-இல் இவ்வளவு மோசமாக எடுக்க வேண்டுமென்றே முயன்றாலும் முடியாது. இந்த அளவு, இந்த ஒலி, எல்லாம் முதல் கேமரா போன்களுடையது. நடுவில் ஒரு சில வருடங்கள்தான். 2006 என்றால் சரியாக இருக்கும்.”

அம்மையார் எழுதிக்கொண்டார். எங்கள் கல்யாணத்தை, வீடியோ மோசமாக இருந்த காரணத்துக்காகவே ஒரு அரசாங்கம் நம்பியது.

“சரி. இதில் இருப்பது நீங்கள்தான் என்று எப்படித் தெரிந்துகொள்வது?”

அதுவும் நியாயம்தான். என் முகம் ஒன்பது கட்டம். செல்வி குனிந்த தலை, நிறையப் பூ. அக்கா ஒரு பச்சை மேகம். அம்மையார் ஒலியைக் கூட்டிவிட்டு மறுபடி ஓடவிட்டார். என் குரல் அலுவலகம் முழுக்கக் கேட்டது. ‘அப்பால பண்றேன்.’ ஊருக்கு அங்கேயே முடிந்துவிட்டது. எனக்கும்தான். வீடியோ மேலே ஓடியது. அந்த ஏழு நொடியை நான் பார்த்ததே இல்லை. கெட்டிமேளத்துக்கு நடுவில், குனிந்த தலைக்குள்ளிருந்து, ஒரு பெண் குரல், கறாராக:

“யாருங்க அது?”

அம்மையார் நிறுத்தினார். மணமகள் என்ன கேட்கிறாள் என்றார். செல்வி மொழிபெயர்த்தாள், மூன்று முடிச்சில் ஒன்று மட்டும் விழுந்திருந்த நேரம் அது என்பதையும் சேர்த்து.

“அதையே உங்கள் மொழியில் ஒருமுறை சொல்லுங்கள்.”

செல்வி என் பக்கம் திரும்பினாள். “யாருங்க அது?”

நான் வீட்டில் எந்த அழைப்பை எடுத்தாலும் சமையலறையிலிருந்து வருகிற அதே இரண்டு வார்த்தை, அதே ஏற்றம், கடைசி எழுத்தில் அதே வெட்டு. பத்தொன்பது வருடத்தில் ஒரு இம்மி தேயவில்லை. அம்மையார் வீடியோவை இன்னொரு முறை ஓடவிட்டார். செல்வியை இன்னொரு முறை சொல்லவைத்தார். கணினி இளைஞர் சிரிப்பை அடக்கிக்கொண்டு சன்னலுக்கு வெளியே பார்த்தார். அம்மையார் கோப்பைத் திறந்து, ஒரு தாளில் முத்திரையைக் குத்தி, தன் கையொப்பத்தையும் போட்டு, செல்வியிடம்தான் கையை நீட்டினார். என்னிடம் இல்லை. இனி அவள் விண்ணப்பத்துக்குத் தடை ஒன்றுமில்லை என்றார்.

எழுந்தோம். அம்மையார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். “படிவத்தில் இல்லாத கேள்வி ஒன்று. ஒரு முடிச்சுத்தான் விழுந்திருக்கிறது, அதற்குள் இவர் போன் பேசப் போய்விட்டார். அப்போதே நீங்கள் எழுந்து போயிருக்கலாமே?”

செல்வி கைப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டாள். அவர்கள் மொழியில், இலக்கணம் பிசகாமல் சொன்னாள்:

“போயிருக்கலாம்தான். போனில் யார் என்று தெரியாமல் எப்படிப் போவது?”